துவையல் தவசு ஒரு நாள் வேலை அல்ல

அய்யா உண்டு.

இந்த மலருக்கு மனஅமைதி என்ற பொருளில் ஒரு பாடம் எழுதித் தரும்படி தாங்கல் இளைஞர்கள் கேட்டார்கள். நான் பத்தாம் வகுப்பு வரை படித்தவன். மேடையில் பேசிப் பழக்கம் இல்லை. அமைதியைப் பற்றி எழுத எனக்கு என்ன தகுதி என்று இரண்டு வாரம் யோசித்தேன். அமைதி இல்லாமல் பதினோரு வருடம் கிடந்தவன் என்ற ஒரு தகுதிதான் உண்டு. அதை வைத்து எழுதுகிறேன். குறை இருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள்.

எங்கள் நிழல் தாங்கலில் நாமம் சாத்துகிற பணிவிடையை நான் இருபது ஆண்டுகளுக்கு மேலாகச் செய்து வருகிறேன். 2009 மாசி மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை. உச்சிப்படிப்பு முடிந்து, தலைப்பாகை கட்டிய ஆண்களும் பெண்களும் பிள்ளைகளுமாக நாமம் வாங்க வரிசையில் நின்றார்கள். நான் தட்டைக் கையில் வைத்துக்கொண்டு ஒவ்வொருவர் நெற்றியிலும் சாத்திக்கொண்டே வந்தேன். ஒரு இடத்தில் நிமிர்ந்து பார்த்தவன், பக்கத்தில் நின்ற பையனிடம் தட்டைக் கொடுத்து, "மக்கா, நீ சாத்து, எனக்கு இடுப்பு பிடிச்சிருக்கு" என்று சொல்லிவிட்டுப் பின்பக்கம் போய்விட்டேன்.

இடுப்பு பிடிக்கவில்லை. வரிசையில் ஐந்தாவது ஆளாக என் தம்பி நின்றான்.

எங்களுக்குள் நடந்தது ஊரில் எல்லாருக்கும் நடப்பதுதான். எங்கள் அப்பா 2003-ல் இயற்கை எய்தினார். அடுத்த வருடம் பாகம் பிரித்தோம். வீட்டுக்குக் கிழக்கே இரண்டேகால் சென்ட் இடமும் அதில் ஒரு தென்னையும் யாருக்கு என்பதில் பேச்சு முற்றியது. தம்பி ஒரு நாள் காலையில் ஆள் வைத்து வேலி போட்டான். நான் அன்று மாலையே வேலியைப் பிடுங்கினேன். பிறகு பேசக் கூடாததை இரண்டு பேரும் பேசினோம். 2005-ல் கோர்ட்டுக்குப் போனேன். ஏழு வருடம் வாய்தாவுக்கு நடந்து, 2012-ல் எனக்குச் சாதகமாகத் தீர்ப்பு வந்தது.

அன்று இரவு நிம்மதியாகத் தூங்குவேன் என்று நினைத்தேன். தூக்கம் வரவில்லை. இரண்டேகால் சென்ட் கைக்கு வந்துவிட்டது. தம்பி சொன்ன வார்த்தைகள் அப்படியே உள்ளே கிடந்தன. தீர்ப்பு இடத்துக்குத்தான் வந்தது, எனக்கு வரவில்லை. வழக்கு ஜெயித்தால் மனசு ஆறும் என்று இன்றும் தாங்கலுக்கு வந்து வேண்டிக்கொள்கிற சகோதரர்கள் உண்டு. அவர்களுக்காகவே இதைச் சொல்கிறேன். நானும் அப்படித்தான் பள்ளியறைக்கு முன் நின்று வேண்டினேன். "அய்யா, அவன் தோக்கணும்" என்று வாய்விட்டே கேட்டிருக்கிறேன். கண்ணாடிக்கு முன்னால் நின்றுகொண்டு அப்படிக் கேட்டேன்.

நம் பதிகளிலும் தாங்கல்களிலும் பள்ளியறையில் சிலை கிடையாது. ஒரு நிலைக்கண்ணாடி, இரு பக்கமும் விளக்கு. கும்பிட நிற்கிறவன் முகமே அவனுக்கு எதிரே தெரியும். சிறுபிள்ளையிலிருந்து இதைக் கேட்டு வளர்ந்தவர்கள் நாம். நான் பணிவிடைக்காரன் என்பதால் அந்தக் கண்ணாடியைத் துடைக்கிற பொறுப்பும் எனக்கு உண்டு. தினமும் காலையில் துணியை நனைத்துப் பிழிந்து துடைப்பேன். அத்தனை வருடம் துடைத்தும் அதில் தெரிந்த முகத்தை நான் பார்க்கவில்லை. கண்ணாடியில் எண்ணெய்ப் பிசுக்கு இருக்கிறதா என்று மட்டும்தான் பார்த்தேன்.

இனி தொட்டு நாமம் சாத்துவதைப் பற்றிக் கொஞ்சம் பேச வேண்டும். இளைய பிள்ளைகள் பலருக்கு இது ஒரு சடங்காகத்தான் தெரிகிறது. அய்யா வைகுண்டர் பண்டாரமாக எழுந்தருளிய 1833-ம் ஆண்டில் திருவிதாங்கூர் எப்படி இருந்தது என்று நினைத்துப் பாருங்கள். இந்தச் சாதிக்காரன் அந்தச் சாதிக்காரனிடமிருந்து இத்தனை அடி தள்ளி நிற்க வேண்டும் என்று கணக்கு வைத்திருந்த காலம் அது. நம் பாட்டன் பூட்டன்மார் தலையில் துணி கட்டக் கூடாது, பெண்கள் தோளில் சீலை போடக் கூடாது, கூலி இல்லாமல் ஊழியம் செய்ய வேண்டும். அப்படிப்பட்ட ஊரில் அய்யா என்ன செய்தார்? ஒரு மனிதன் இன்னொரு மனிதனின் நெற்றியை விரலால் தொட்டு நாமம் சாத்தும்படி செய்தார். தலையில் பாகை கட்டிக்கொண்டு வழிபடச் சொன்னார். முத்திரிக் கிணற்றில் எல்லாச் சாதியாரும் ஒன்றாகக் குளிக்கச் செய்தார். தொடக் கூடாது என்று விதி இருந்த இடத்தில் தொடுவதையே வழிபாடாக ஆக்கி வைத்தார்.

என் தம்பியைத் தொடக் கூடாது என்று எந்த மன்னனும் எனக்குச் சட்டம் போடவில்லை. ஒரே பாயில் படுத்து வளர்ந்தவன். நானே எனக்குச் சட்டம் போட்டுக்கொண்டு, அய்யா தந்த தட்டைக் கையில் வைத்துக்கொண்டு, அவனுக்குத் தீட்டு வைத்தேன். அன்றைக்கு எனக்கு இது தோன்றவில்லை. பின்பக்கம் போய்த் தண்ணீர் குடித்துவிட்டு, "அவன் என் கையால நாமம் வாங்கலை" என்று உள்ளுக்குள் சந்தோஷப்பட்டேன். இதை எழுதுவதற்கு வெட்கமாக இருக்கிறது. ஆனாலும் எழுதுகிறேன். இதே மாதிரி ஒருவரைக் கண்டு தட்டை மாற்றிக் கொடுத்தவர்கள் நம்மில் இன்னும் இருப்பார்கள்.

எங்கள் தாங்கலில் திருஏடு வாசிப்பு 17 நாள் நடக்கும். வழக்கு நடந்த அத்தனை வருடமும் ஒரு நாள் கூட விடாமல் உட்கார்ந்து கேட்டிருக்கிறேன். அய்யாவைப் பிடித்துக்கொண்டு போகிற இடம் வரும்போது எனக்கு ஒவ்வொரு வருடமும் கண் கலங்கும். சேவகர்கள் வந்தபோது கூடியிருந்த மக்கள் கைகலக்கத் தயாராக நின்றார்கள். அய்யா அவர்களைத் தடுத்தார். பொறுமையாக இருக்கச் சொல்லிவிட்டுத் தாமே நடந்தார். திருவனந்தபுரத்தில் சிங்காரத்தோப்பில் சிறை வைத்தார்கள். புலியை விட்டுச் சோதித்தார்கள். 110 நாள் கழித்து 1839-ல் வெளியே வந்தார். மக்கள் அவரை வாகனத்தில் சுமந்து கொண்டுவந்தார்கள். வாசிப்பில் இந்த இடம் வந்ததும் நான் துண்டால் கண்ணைத் துடைப்பேன். வாசிப்பு முடிந்து வெளியே வந்தால், தம்பியின் சைக்கிள் வாசலில் நிற்கும். அதைக் கண்டதும் முகத்தைத் திருப்பிக்கொண்டு மேற்கு வாசல் வழியாகப் போவேன். கேட்ட பொறுமை எல்லாம் தாங்கல் நடையோடு சரி.

அகிலத்திரட்டு அம்மானை நமக்குச் சொல்லித் தருகிற பெரிய காரியம் ஒன்று உண்டு. குறோணியை ஆறு துண்டாக வெட்டியதும், ஒவ்வொரு துண்டும் அடுத்தடுத்த யுகத்தில் அரக்கனாகப் பிறந்ததும் நீங்கள் அறிந்ததே. இராவணன் வந்தான், துரியோதனன் வந்தான். அவர்களுக்கு உடம்பு இருந்தது, கோட்டை இருந்தது, படை இருந்தது. அம்பு விட்டால் படும். கலியன் அப்படி இல்லை. அவன் மாயையாக மனிதர் மனத்துக்குள் வந்து குடியிருக்கிறான். ஆகையால் அவனை வெட்ட ஆயுதம் கிடையாது. இதைக் கேட்கும்போதெல்லாம் நான் என்ன நினைப்பேன் தெரியுமா? "ஆமாம், கலி என் தம்பி மனசுல நல்லா குடியிருக்கு" என்று நினைப்பேன்! கலியன் எவ்வளவு கெட்டிக்காரன் பாருங்கள். தன்னைப் பற்றிய பாடத்தைக் கேட்கும்போதே, கேட்கிறவன் விரலை அடுத்தவன் பக்கம் திருப்பி வைத்துவிடுகிறான்.

எங்கள் அம்மை 2014-ல் போனார்கள். கடைசி நாட்களில் அம்மை என்னிடம் ஒன்றும் கேட்கவில்லை. "ரெண்டு பேரும் ஒரே பக்கமா நில்லுங்க" என்று மட்டும் ஒரு தடவை சொன்னார்கள். நாங்கள் கட்டிலின் இரண்டு பக்கமாக நின்றோம். அடக்கத்தின்போதும் அப்படியே. மண் போட்டுவிட்டு வரும்போது, எனக்குப் பின்னால் அவன் அழுகிற சத்தம் கேட்டது. திரும்பிப் பார்க்கவில்லை. திரும்பியிருந்தால் அன்றைக்கே முடிந்திருக்கும். முடியவில்லை. ஏனென்றால் அன்றைக்கும் என் மனத்தில் ஓடியது, "அம்மைக்கு ஆஸ்பத்திரிச் செலவு யார் எவ்வளவு கொடுத்தது" என்ற கணக்குதான்.

எங்கள் தாங்கலில் ஒரு பெரியம்மை உண்டு. தாங்கல் முற்றம் தூத்து, விளக்குத் துணியும் பாகைத் துணியும் துவைத்துப் போடுகிறவர்கள். படிப்பு கிடையாது. ஏட்டை எழுத்துக்கூட்டிக்கூட வாசிக்கத் தெரியாது. ஆனால் கேட்டுக் கேட்டே பாதி ஏடு மனப்பாடம். அம்மை போன மறு வருடம், ஒரு விடியற்காலை கிணற்றடியில் அவர்கள் துவைத்துக்கொண்டிருந்தார்கள். நான் குளிக்கப் போனேன். மனசு தாங்காமல் அவர்களிடம் எல்லாவற்றையும் கொட்டினேன். "பெரியம்மா, மறக்கணும்னு நினைக்கேன். அய்யாகிட்ட விட்டுட்டேன்னு சொல்லி நடையில விழுந்து கும்பிட்டேன். மூணு நாள் நல்லாத்தான் இருந்துது. நாலாம் நாள் அவன் வேலியப் பாத்த உடனே பழையபடி எரியுது. எனக்கு வாய்க்காதுபோல" என்றேன்.

அவர்கள் துவைப்பதை நிறுத்தவில்லை. "மக்கா, இந்தப் பாகைத் துணிய நான் போன வாரமும் தொவச்சேன்" என்றார்கள்.

நான் பேசாமல் நின்றேன்.

"ஒரு தடவ வெளுத்தா போதும்னு யாரு சொன்னா? வாகைப்பதியில மூணு நேரமும்லா தொவைக்கச் சொன்னாரு."

அவ்வளவுதான் சொன்னார்கள். பிறகு துணியைப் பிழிந்து கொடியில் போட்டுவிட்டு விளக்குத் தேய்க்கப் போய்விட்டார்கள்.

அன்புக்கொடி மக்களே, துவையல் தவசைப் பற்றி நாம் எத்தனையோ முறை கேட்டிருக்கிறோம். அய்யா சிறையிலிருந்து திரும்பி வந்த பிறகு நடந்தது அது. 700 குடும்பத்தார், ஆணும் பெண்ணும் பிள்ளைகளுமாக, முதலில் வாகைப்பதியிலும் பின்பு முட்டப்பதியிலும் கடலோரத்தில் தங்கினார்கள். மூன்று நேரம் குளித்தார்கள், உடுத்த துணியைத் துவைத்தார்கள். பச்சரிசியும் சிறுபயறும் சேர்த்துப் பொங்கிய அன்னத்தை ஒரு நேரம் உண்டார்கள். கடற்காற்றில் உப்பும் மணலும் ஓயாமல் வந்து ஒட்டும் இடம் அது. காலையில் வெளுத்த துணி மத்தியானத்துக்குள் மறுபடியும் பிசுபிசுக்கும். அதை மறுபடியும் துவைத்தார்கள். மாதக்கணக்கில் இதையே செய்தார்கள்.

பெரியம்மை சொன்ன பிறகு இதை நான் வேறு விதமாக எண்ணிப் பார்த்தேன். அய்யா சிறையிலிருந்து வந்தபோது மக்கள் உள்ளத்தில் எவ்வளவு கோபம் இருந்திருக்கும்? தலைமுறை தலைமுறையாக அடியும் வரியும் ஊழியமும். தங்கள் அய்யாவைக் கொண்டுபோய்ப் புலிக்கு முன்னால் நிறுத்தியிருக்கிறார்கள். அத்தனை கோபத்தோடு கூடி வந்த சனத்தின் கையில் அய்யா கம்பைக் கொடுக்கவில்லை. துவைக்கிற துணியைக் கொடுத்தார். கூலி இல்லாத ஊழியத்தில் அழுக்கோடு கிடந்தவர்கள், நாளுக்கு மூன்று தரம் தங்கள் உடம்பையும் துணியையும் தாங்களே சுத்தம் செய்துகொண்டு நிமிர்ந்து நின்றார்கள். அந்தத் துவையல்காரர்கள்தான் பிறகு ஊர் ஊராகப் போய் நிழல் தாங்கல்கள் உருவாகக் காரணமானார்கள். கோபத்தைக் கையில் வைத்துக்கொண்டு போயிருந்தால் ஊர் ஊராகச் சண்டைதான் உருவாகியிருக்கும்.

இதில் எனக்குக் கிடைத்த பாடம் ஒன்று. விட்டுவிடுவது என்பதை நான் ஒரே தடவையில் முடிகிற காரியம் என்று நினைத்திருந்தேன். நடையில் விழுந்து கும்பிட்டு எழுந்தால் எல்லாம் போய்விட வேண்டும், மறுபடி வரக் கூடாது என்று எதிர்பார்த்தேன். மறுபடி வந்தபோது, நம் பக்தியில் குறை அல்லது தம்பி அவ்வளவு பொல்லாதவன், இரண்டில் ஒன்று என்று முடிவு கட்டினேன். துணி அழுக்காவது துணியின் குற்றமா? உடுத்தினால் அழுக்காகும். ஊரில் வாழ்ந்தால், ஒரே கிணற்றடியில் இறைத்தால், எதிரெதிர் வாசலில் இருந்தால், உரசல் வரத்தான் செய்யும். அன்றன்று துவைத்துவிட வேண்டும். அய்யாவே தவசை ஒரு நாளில் முடிக்கவில்லை. பூவண்டன்தோப்பில் ஆறு ஆண்டு இருந்தார். முதல் இரண்டு ஆண்டு குழிக்குள், அடுத்த இரண்டு ஆண்டு தரையில், பிறகு மேடையில். நாம் மட்டும் ஒரு ஞாயிற்றுக்கிழமையில் எல்லாம் முடிய வேண்டும் என்று அவசரப்படுகிறோம்.

அன்றிலிருந்து நான் செய்து வருவதைச் சொல்கிறேன். பெரிய சாதனை ஒன்றும் இல்லை. விடியற்காலை குளிக்கும்போது வேட்டியைக் கசக்குவேன் அல்லவா, அப்போது தம்பியின் பெயரை ஒரு தடவை சொல்வேன். முந்தின நாள் அவனைப் பற்றி என்ன நினைத்தேனோ அதை அய்யாவிடம் மறைக்காமல் சொல்வேன். "நேத்து அவன் தென்னையில குரும்பை உதிர்ந்தது பாத்து சந்தோஷப்பட்டேன் அய்யா" என்று கூடச் சொன்னது உண்டு. பிறகு, "இந்தக் கணக்க நீரே பாத்துக்கிடும்" என்று சொல்லித் தண்ணீரை ஊற்றிவிடுவேன். வேட்டியைப் பிழிந்து கொடியில் போட்டதும் அன்றைக்கு அது முடிந்தது. பகலில் மறுபடியும் மனசு அதை எடுத்துப் பார்க்கும். பார்த்தால், "துவைச்சாச்சு, நாளைக்குப் பாப்போம்" என்று சொல்லிக்கொள்வேன். முதல் இரண்டு மூன்று மாதம் இது ஏமாற்று வேலை போலத்தான் இருந்தது. உதட்டில்தான் சொன்னேன், உள்ளே எரிந்துகொண்டுதான் இருந்தது. ஆனாலும் நிறுத்தவில்லை. காரணம், பக்தி என்று சொல்ல மாட்டேன். பெரியம்மை பார்த்துக்கொண்டே இருந்தார்கள்.

எப்போது மாறியது என்று நாள் குறித்துச் சொல்ல எனக்குத் தெரியவில்லை. ஒரு நாள் வேட்டியைப் பிழிந்த பிறகுதான், அன்று சொல்வதற்கு ஒன்றும் இல்லை என்பதைக் கவனித்தேன். நேற்று அவனை நினைக்கவே இல்லை. கிணற்றடியில் அப்படியே நின்றேன். மறு நாள் மறுபடியும் சொல்ல இருந்தது, அது வேறு.

இங்கே ஒரு சந்தேகம் வரும். வந்தே ஆக வேண்டும். "எல்லாத்தையும் விட்டுடணும்னா, எவன் என்ன செஞ்சாலும் வாய மூடிட்டு இருக்கணுமா?" என்று ஒரு தம்பி என்னிடம் கேட்டார். அப்படி அல்ல. அய்யா பொறுமையாக இருக்கச் சொன்னார், ஆனால் தலைப்பாகையை அவிழ்க்கச் சொல்லவில்லை. மன்னன் நீட்டிய அநியாயத்துக்குத் தலை குனியச் சொல்லவில்லை. சிறைக்குப் போனாரே தவிர, தாம் செய்து வந்ததை நிறுத்தவில்லை. உரிமை வேறு, வன்மம் வேறு. என் வழக்கில் இடம் எனக்குச் சேர வேண்டியது என்று நான் இன்றைக்கும் நம்புகிறேன். அதைக் கேட்டது தப்பு என்று நினைக்கவில்லை. கேட்ட வழியில் நான் தம்பியைத் தொலைத்ததுதான் தப்பு.

இன்னும் ஒன்று. சில வருடம் முன்பு ஒரு மகள் தாங்கலுக்கு வந்து, கட்டினவன் தினமும் குடித்துவிட்டு அடிக்கிறான், நான் பொறுத்துக்கொண்டே போகணுமா என்று கேட்டாள். கன்னத்தில் தடிப்பு இருந்தது. "பொறுத்துப் போம்மா" என்று சொல்ல ஒரு பெரியவர் வாய் எடுத்தார். பெரியம்மை அவரை ஒரு பார்வை பார்த்தார்கள். அந்த மகளை அன்றைக்கே அவள் அம்மை வீட்டில் கொண்டுபோய் விட்டோம். மறு நாள் இரண்டு பேர் கூடப் போய் ஸ்டேஷனில் புகார் எழுதிக் கொடுத்தோம். அய்யா பெண்ணுக்காகத் தவம் இருந்தவர். அடி வாங்கிக்கொண்டு கிடப்பதை அவர் பொறுமை என்று சொன்னதாக நான் எந்த வாசிப்பிலும் கேட்டதில்லை. அந்த மகளுக்கு உள்ளே இருக்கிற கசப்பைத் துவைக்கிற நாள் வரும். அதற்கு முதலில் அவள் அடி படாத இடத்தில் இருக்க வேண்டும்.

ஆகவே, விட்டுவிட வேண்டியது எது என்று ஒவ்வொருவரும் கண்ணாடிக்கு முன்னால் நின்று பார்த்துக்கொள்ள வேண்டியிருக்கிறது. எனக்கு விட வேண்டியிருந்தது இடம் அல்ல. அவன் என்னிடம் வந்து "அண்ணா, நான்தான் தப்பு" என்று சொல்ல வேண்டும் என்கிற ஆசை. பதினோரு வருடமும் நான் காத்திருந்தது அந்த ஒரு வார்த்தைக்குத்தான் என்பது, பல நாள் துவைத்த பிறகே எனக்குத் தெரிந்தது. வழக்கு, வேலி, தென்னை எல்லாம் அதன் மேல் போர்த்திய துணி. நம் வழியில் காணிக்கை கிடையாது, பலி கிடையாது. அய்யா நம்மிடம் காசு கேட்கவில்லை, ஆட்டுக்கடா கேட்கவில்லை. அதனால் நமக்கு எல்லாம் எளிது என்று நினைக்கிறோம். அந்த ஒரு ஆசையைக் கொடுப்பதைவிட ஆட்டுக்கடா கொடுப்பது எனக்கு எளிதாக இருந்திருக்கும்.

அது 2017 மாசி. அவதார தின ஊர்வலத்துக்கு எங்கள் தாங்கலிலிருந்து வேனில் நாகர்கோவில் போனோம். மாசி 20 அதிகாலையில் அங்கிருந்து சாமிதோப்புக்கு ஊர்வலம் நடக்கும் என்பது உங்களுக்குத் தெரியும். புறப்படுவதற்கு முன் வேன் பக்கத்தில் நின்று எங்கள் ஊர் ஆட்களுக்கு நான் நாமம் சாத்திக்கொண்டிருந்தேன். இருட்டு இன்னும் விலகவில்லை. ஒருவர் குனிந்து நெற்றியைக் காட்டினார். தலைப்பாகைக்குக் கீழே, இடது புருவத்துக்கு மேல் ஒரு பழைய தழும்பு. எட்டு வயதில் அவன் கொல்லாமரத்திலிருந்து விழுந்தபோது வந்தது. ரத்தம் வழிய வழிய அவனை முதுகில் தூக்கிக்கொண்டு வைத்தியர் வீட்டுக்கு ஓடியது நான்.

என் விரல் நின்றுவிட்டது. அவனும் நிமிரவில்லை. வேறு வேனில் வந்தவன், எங்கள் வரிசை என்று தெரிந்தே வந்து நின்றிருக்கிறான். நான் விரலை நாமத்தில் தோய்த்து, நெற்றியின் நடுவிலிருந்து மேலே இழுத்தேன். கை நடுங்கியதால் கொஞ்சம் கோணலாகப் போய்விட்டது. அழித்துவிட்டு மறுபடியும் சாத்தினேன். "சரியா இருக்கா?" என்று கேட்டான். "இருக்கு" என்றேன். அவன் போய்க் கூட்டத்தில் சேர்ந்துகொண்டான். அவன் மன்னிப்புக் கேட்கவில்லை. நானும் கேட்கவில்லை. சாமிதோப்பு வரைக்கும் நடந்தோம். அவன் கொஞ்சம் முன்னால், நான் கொஞ்சம் பின்னால்.

இதோடு எல்லாம் சரியாகிவிட்டது என்று எழுதினால் பொய்யாகும். வேலி இன்னும் இருக்கிறது. அவன் பெண்டாட்டி என் வீட்டுக்காரியோடு இன்னும் பேச்சு வைத்துக்கொள்ளவில்லை. போன மாதம் கூடத் தண்ணீர்க் குழாய் விஷயத்தில் அவன் சொன்ன ஒரு வார்த்தை எனக்கு நாலு நாள் உறுத்தியது; நாலு நாளும் கிணற்றடியில் சொல்லித்தான் கழுவினேன். பெரியம்மை இப்போது இல்லை. பாகைத் துணிகளை நான்தான் துவைக்கிறேன்.

தேங்காய் வெட்டுக்கு ஆள் வருகிற நாளில் மட்டும் தம்பி வேலிக்கு அந்தப் பக்கம் நின்று, "அண்ணா, உங்க தென்னையிலயும் ஏறச் சொல்லட்டா?" என்று கேட்பான். நான், "சொல்லுடே" என்பேன்.

அய்யா உண்டு.